கையடக்கக் கன்சோலில் போர்ட் விளையாட்டுகள்: கறுப்புத் திரை வந்து மெனுவுக்கே திரும்புகிறது

மழைத்துளி:

வணக்கம். என்னிடம் இருப்பது ஆர்கே3326 சிப், 1 ஜிபி மெமரி உள்ள சிறிய கையடக்கக் கன்சோல். ஆர்க்ஓஎஸ் என்ற லினக்ஸ் சிஸ்டம் போட்டிருக்கிறேன். எமுலேட்டரில் ஓடுபவை எல்லாம் ஓடுகின்றன, அதில் குறையே இல்லை.

போர்ட்மாஸ்டர் (போர்ட்டுகளை நிறுவித் தரும் செயலி) வழியாக மூன்று விளையாட்டுகள் நிறுவினேன்: கேவ் ஸ்டோரி, ஹாஃப்-லைஃப், ஸ்டார்டியூ வேலி. கேவ் ஸ்டோரி நிறுவியவுடன் ஓடியது. மற்ற இரண்டும் கறுப்புத் திரையைக் காட்டிவிட்டு அப்படியே மெனுவுக்குத் திரும்பி வருகின்றன. எந்தப் பிழைச் செய்தியும் இல்லை. இரண்டும் ஸ்டீம் இணையக் கடையில் காசு கொடுத்து வாங்கியவை. கணினியில் நிறுவிய கோப்புகளை அப்படியே மெமரி கார்டுக்கு நகலெடுத்தேன். என்ன செய்யலாம்?

பிக்சல்பித்தன்:

லாக் பார்த்தீர்களா? ஒவ்வொரு போர்ட்டின் ஃபோல்டருக்குள்ளும் பெரும்பாலும் லாக் என்ற பெயரில் ஒரு டெக்ஸ்ட் கோப்பு இருக்கும். கடைசி முறை ஓட்டியபோது என்ன நடந்தது என்பது அதில் எழுதியிருக்கும். இரண்டு விளையாட்டின் கடைசி வரிகளையும் இங்கே போடுங்கள். அதைப் பார்க்காமல் யார் என்ன சொன்னாலும் ஜோசியம்தான்.

டெர்மினல்தாத்தா:

லாக் வரட்டும். அதற்குள் ஒரு விஷயம். எமுலேட்டர் பழக்கத்தோடு போர்ட்டுக்கு வருபவர்கள் எல்லோரும் முட்டிக்கொள்ளும் இடம் இது.

எமுலேட்டர் என்பது பழைய இயந்திரத்தையே மென்பொருளாகச் செய்து வைப்பது. உள்ளே போகும் ரோம் கோப்புக்கு, அதாவது பழைய விளையாட்டின் நகலுக்கு, தான் எந்தக் கருவியில் இருக்கிறோம் என்று தெரியவே தெரியாது. அதனால்தான் சரியான ஃபோல்டரில் போட்டால் வேலை முடிகிறது. போர்ட் அப்படியல்ல. அது உங்கள் கன்சோலின் லினக்ஸ் மீது நேரடியாக ஓடும் ஒரு நிரல். அதற்கு உங்கள் சிப்பும் ஒத்துவர வேண்டும், சிஸ்டத்தில் உள்ள லைப்ரரிகளும் ஒத்துவர வேண்டும், கிராஃபிக்ஸ் டிரைவரும் ஒத்துவர வேண்டும். கடைசியாக, நீங்கள் கொண்டுவந்து போடும் விளையாட்டுக் கோப்புகள் அந்த நிரல் எதிர்பார்க்கும் பதிப்பாக இருக்க வேண்டும். நான்கில் ஒன்று பிசகினாலும் கறுப்புத் திரைதான்.

கேவ் ஸ்டோரி ஏன் உடனே ஓடியது? அது 2004இல் இலவசமாகவே வெளியான விளையாட்டு. கோப்புகளையும் சேர்த்தே கொடுக்க முடிகிறது. போர்ட்மாஸ்டர் பட்டியலில் 'உடனே ஓடும்' என்ற வகையில் வருபவை எல்லாம் இப்படிப்பட்டவை. மற்ற இரண்டும் அப்படி இல்லை. போர்ட் உங்களுக்குத் தருவது எஞ்சினையும் தொடக்க ஸ்கிரிப்டையும் மட்டுமே. படம், ஒலி, வரைபடம் எல்லாம் நீங்கள் வாங்கிய பிரதியிலிருந்து வர வேண்டும்.

இந்தப் பிரிவினை எல்லாம் டூம் விளையாட்டின் காலத்து வழக்கம். ஐடி சாஃப்ட்வேர் நிறுவனம் டூமின் மூல நிரலை 1997 டிசம்பரில் வெளியிட்டது. வெளியிட்டது லினக்ஸ் பதிப்பின் நிரலை. டாஸ் பதிப்பில் இருந்த ஒலி லைப்ரரி வேறொருவருக்குச் சொந்தம், அதைக் கொடுக்க முடியாது. 1999இல் அதே நிரல் ஜிபிஎல் என்ற திறந்த மூல உரிமத்துக்கு மாறியது. ஆனால் வாட் கோப்புகள், அதாவது அரக்கர்களும் சுவர்களும் துப்பாக்கிச் சத்தமும், இன்று வரை விற்பனைப் பொருள்தான். எஞ்சின் இலவசம், சரக்கு உங்களுடையது. இருபத்தைந்து வருடத்துக்கு மேலாகியும் ஏற்பாடு மாறவில்லை.

வேகம்_வேண்டும்:

இவ்வளவு கதை எதற்கு தாத்தா? ஆண்ட்ராய்டு உள்ள கருவி ஒன்று வாங்கினால் ஸ்டார்டியூ கடையிலேயே கிடைக்கிறது. இரண்டு தட்டில் நிறுவி விளையாடலாம்.

டெர்மினல்தாத்தா:

கிடைக்கும். இன்னொரு முறை காசு கொடுத்து வாங்க வேண்டும். கருவியையும் சேர்த்து. கேள்வி கேட்டவரிடம் ஏற்கெனவே கருவியும் இருக்கிறது, விளையாட்டும் இருக்கிறது.

மழைத்துளி:

லாக் எடுத்தேன். நீளமாக இருக்கிறது, முக்கியமாகத் தெரிவதை மட்டும் சொல்கிறேன்.

ஸ்டார்டியூ: சிஸ்டம் ரன்டைம் என்ற ஒன்றின் 6.0.0.0 பதிப்பை ஏற்ற முடியவில்லை என்று வருகிறது. அதன் பிறகு மோனோ என்ற பெயருடன் பல வரிகள், பிறகு நின்றுவிடுகிறது.

ஹாஃப்-லைஃப்: வால்வ் ஃபோல்டரில் எதையோ தேடிக் கிடைக்கவில்லை என்கிறது. ஆனால் கோப்புகள் எல்லாம் இருக்கின்றனவே. ஹாஃப்-லைஃப் என்ற பெயரிலேயே முழு ஃபோல்டரையும் போட்டிருக்கிறேன்.

பிக்சல்பித்தன்:

இரண்டுமே புரிந்துவிட்டது. எளிதானதை முதலில் முடித்துவிடலாம்.

ஹாஃப்-லைஃபுக்கு இங்கே ஓடும் எஞ்சின் ஸாஷ்3டி. அது ஸ்டீம் ஃபோல்டருக்குள் இருக்கும் வால்வ் என்ற உள் ஃபோல்டரைத்தான் கேட்கிறது, வெளி ஃபோல்டரை அல்ல. போர்ட்டின் ஃபோல்டரைத் திறந்தவுடனே வால்வ் கண்ணில் பட வேண்டும். நடுவில் ஹாஃப்-லைஃப் என்று இன்னொரு அடுக்கு இருந்தால் எஞ்சின் அதற்குள் நுழைந்து பார்க்காது. விண்டோஸின் இஎக்ஸ்இ, டிஎல்எல் எதுவும் தேவையில்லை, அவை இங்கே வெறும் பாரம்.

இன்னொன்றும் இருக்கிறது. 2023 நவம்பரில் இருபத்தைந்தாம் ஆண்டு நிறைவுக்காக ஹாஃப்-லைஃபைப் புதுப்பித்தார்கள். ஸாஷ் பழைய பதிப்பைப் பார்த்து எழுதப்பட்டது. ஸ்டீமில் விளையாட்டின் பண்புகளைத் திறந்து, பீட்டா என்ற பகுதியில் ஸ்டீம் லெகசி கிளையைத் தேர்ந்தெடுத்தால் பழைய கோப்புகளே இறங்கும். அதைப் பயன்படுத்துங்கள். புதிய கோப்புகளோடும் சிலருக்கு ஓடுகிறது, ஆனால் மெனு உடைவது போன்ற சில்லறைத் தொல்லைகள் வரும். நேரான வழி இருக்கும்போது அந்த வம்பு எதற்கு?

ஸ்டார்டியூ விஷயம் கொஞ்சம் ஆழமானது. தாத்தா சொல்லட்டும், எனக்கு வேலை இருக்கிறது.

டெர்மினல்தாத்தா:

சரி, மாட்டிவிட்டுப் போய்விட்டார்.

ஸ்டார்டியூ முதலில் எழுதப்பட்டது மைக்ரோசாஃப்டின் எக்ஸ்என்ஏ என்ற அடித்தளத்தில். 1.5.5 பதிப்பில் அதை மோனோகேம் என்ற வேறொரு அடித்தளத்துக்கு மாற்றினார்கள். கூடவே புதிய டாட்நெட்டுக்கும் (நிரல்களை ஓட்டும் மைக்ரோசாஃப்ட் ரன்டைம்) 64 பிட்டுக்கும் போய்விட்டார்கள். 1.6 பதிப்பு டாட்நெட் 6 மேல் நிற்கிறது. உங்கள் லாகில் 6.0.0.0 என்று வருவது அதனால்தான். இந்தப் போர்ட் ஓடுவதோ மோனோ என்ற மாற்று அடித்தளத்தில். மோனோவுக்குப் பழைய டாட்நெட் ஃபிரேம்வொர்க் தெரியும், டாட்நெட் 6 தெரியாது. நீங்கள் போட்ட கோப்பு அதனிடம் இல்லாத ஒன்றைக் கேட்டது, அது கையை விரித்துவிட்டது.

இதற்கும் மருந்து ஸ்டீமிலேயே இருக்கிறது. பழைய கணினிகளுக்காக எக்ஸ்என்ஏ அடித்தளத்திலேயே ஒரு கிளையை வைத்திருக்கிறார்கள். பீட்டா பகுதியில் 'கம்பாட்டிபிலிட்டி' என்று இருக்கும். அதைத் தேர்ந்தெடுங்கள், ஸ்டீம் மறுபடி இறக்கிக்கொள்ளும். பிறகு கார்டில் உள்ள பழைய கோப்புகளை முழுவதும் அழித்துவிட்டுப் புதியவற்றைப் போடுங்கள். மேலே மேலே எழுதாதீர்கள். இரண்டு பதிப்பின் டிஎல்எல் கலந்துவிட்டால் அடுத்த லாகைப் படிப்பவர் பாடு திண்டாட்டம்.

நகலெடுத்து முடிந்ததும் ஸ்டீமில் கிளையைப் பழையபடி மாற்றிக்கொள்ளலாம். கணினியில் விளையாடுவது அதனால் பாதிக்கப்படாது.

ஆர்ம்_சிப்பு:

இந்த இழையிலேயே கேட்டுவிடுகிறேன், புது இழை திறக்க வேண்டாம் என்று நினைக்கிறேன்.

எனக்குக் கேம்மேக்கர் என்ற மென்பொருளில் செய்யப்பட்ட விளையாட்டு ஒன்று. லாகில் 'அப்படி ஒரு கோப்போ ஃபோல்டரோ இல்லை' என்று வருகிறது. ஆனால் அது சொல்லும் கோப்பு அங்கேயே இருக்கிறது! எஸ்எஸ்ஹெச் வழியாக (கணினியிலிருந்தே கன்சோலுக்குக் கட்டளை கொடுக்கும் வழி) உள்ளே போய்ப் பார்த்தேன், பட்டியலில் தெரிகிறது, இயக்க அனுமதியும் இருக்கிறது. ஓட்டினால் மட்டும் இல்லை என்கிறது. பைத்தியம் பிடிக்கிறது.

டெர்மினல்தாத்தா:

உங்களுக்குப் பைத்தியம் பிடிக்கவில்லை. லினக்ஸ் பாதி உண்மை சொல்கிறது.

ஒரு நிரலை ஓட்டும்போது லினக்ஸின் மையப்பகுதியான கெர்னல் அந்த நிரலின் தலைப்பகுதியைப் படிக்கிறது. அங்கே 'என்னை மெமரியில் ஏற்ற இந்த லோடரைக் கூப்பிடு' என்று ஒரு பாதை எழுதியிருக்கும். 32 பிட் ஆர்ம் நிரலுக்கு ஒரு லோடர், 64 பிட்டுக்கு வேறொன்று. உங்கள் சிஸ்டத்தில் 32 பிட் லோடரே இல்லையென்றால் 'கோப்பு இல்லை' என்று வருகிறது. இல்லாதது நீங்கள் பார்க்கும் கோப்பு அல்ல, அது கூப்பிடும் லோடர். செய்தியில் அதைச் சொல்லாமல் விட்டுவிடுகிறார்கள், அவ்வளவுதான்.

எஸ்எஸ்ஹெச் தெரியும் என்கிறீர்கள். ஃபைல் என்ற கட்டளையை அந்த நிரலின் பெயரோடு கொடுத்துப் பாருங்கள். 32 பிட்டா 64 பிட்டா என்று ஒரே வரியில் சொல்லிவிடும். அந்தக் கட்டளை கன்சோலில் இல்லாவிட்டால் கோப்பைக் கணினிக்குக் கொண்டுபோய்ப் பாருங்கள்.

ஆர்ம்_சிப்பு:

32 பிட் ஆர்ம் என்றுதான் வருகிறது. என் சிஸ்டம் முழுக்க 64 பிட். அப்படியானால் வழியே இல்லையா?

கருந்திரை:

வழி இருக்கிறது, அது விளையாட்டைப் பொறுத்தது.

கேம்மேக்கர் போர்ட்டுகள் எப்படி ஓடுகின்றன என்று தெரிந்தால் உங்களுக்கே புரியும். கேம்மேக்கரில் விளையாட்டின் தரவு தனி, அதை ஓட்டும் ரன்னர் தனி. கணினிப் பதிப்பில் டேட்டா டாட் வின் என்று ஒரு பெரிய கோப்பு இருக்குமே, அதுதான் தரவு. லினக்ஸ் ஆர்முக்கு ரன்னர் கிடைப்பது அபூர்வம். ஆனால் ஆண்ட்ராய்டுக்கு ரன்னர் உண்டு, ஆண்ட்ராய்டு கருவிகளோ பெரும்பாலும் ஆர்ம். ஜிஎம்லோடர் என்ற கருவி அந்த ஆண்ட்ராய்டு லைப்ரரியையே எடுத்து, தன்னைச் சுற்றி ஆண்ட்ராய்டு இருப்பதாக அதை நம்பவைத்து, சாதாரண லினக்ஸில் ஓட்டுகிறது. டேட்டா டாட் வின் கோப்பைப் போர்ட்டின் ஸ்கிரிப்ட் கேம் டாட் ட்ராய்டு என்று பெயர் மாற்றிக்கொள்ளும். அழகான ஏமாற்று வேலை. எனக்குத் தெரிந்து இந்தத் துறையில் இதைவிடக் குறும்பான தீர்வு இல்லை.

பழைய விளையாட்டுகளுக்கு 32 பிட் ரன்னர்தான் சேர்க்கப்பட்டிருக்கும். புதியவை சிலவற்றுக்கு 64 பிட் ரன்னரோடு போர்ட் வந்திருக்கிறது. அதனால் போர்ட்டைப் புதுப்பித்துப் பாருங்கள். இல்லையென்றால் 32 பிட் லைப்ரரிகளையும் வைத்திருக்கும் வேறொரு சிஸ்டத்தை இன்னொரு கார்டில் போட்டுப் பாருங்கள். கையில் இருப்பதை அழிக்காமல்.

ஆர்ம்_சிப்பு:

போர்ட்டைப் புதுப்பித்தேன், 64 பிட் ரன்னர் வந்துவிட்டது. ஓடுகிறது. நன்றி கருந்திரை. உங்கள் பெயரைப் பார்த்தபோது உதவி செய்வீர்கள் என்று தோன்றவில்லை.

கருந்திரை:

பெயர் அனுபவத்தில் வந்தது.

சும்மா_கேட்டேன்:

நண்பர்களே, இவ்வளவு சிரமம் எதற்கு, யாராவது ஸ்டார்டியூ முழு ஃபோல்டரையும் ஜிப் செய்து இணைப்புப் போட்டால் எல்லோரும் எடுத்துக்கொள்ளலாமே?

நெறியாளர்:

இல்லை. விற்பனையில் உள்ள விளையாட்டின் கோப்புகளை இங்கே பகிரவும் கூடாது, கேட்கவும் கூடாது. இன்னொரு முறை இந்தக் கேள்வி வந்தால் பதிவு நீக்கப்படும்.

சும்மா_கேட்டேன்:

சரி சரி. சும்மா கேட்டேன்.

பிக்சல்பித்தன்:

பெயருக்கேற்ற கேள்விதான். ஆனால் காசு செலவழிக்காமல் விளையாட நேர்மையான வழி நிறையவே இருக்கிறது, அதைச் சொல்லிவிடுகிறேன். ஃப்ரீடூம் என்று டூம் எஞ்சினுக்கு முழுவதும் இலவசமான வாட் கோப்புகள் இருக்கின்றன. டூமின் முதல் அத்தியாயமே ஷேர்வேராக, அதாவது இலவச மாதிரியாக, வந்ததுதான். டயப்லோவுக்கு டெவிலூஷன்எக்ஸ் போர்ட், அதற்கு ஷேர்வேர் கோப்பு ஸ்பான் டாட் எம்பிக்யூ போதும், ஒரு பகுதி விளையாடலாம். ஓபன்டிடிடி என்ற போக்குவரத்து விளையாட்டுக்கு இலவசமான படங்களும் ஒலிகளும் தனியே செய்திருக்கிறார்கள், பழைய விளையாட்டே தேவையில்லை. 1 ஜிபி கருவியில் இவை எல்லாம் பறக்கும்.

வாங்கி வைத்திருப்பவர்களுக்கும் ஒரு குறிப்பு. ஜிஓஜி இணையக் கடையில் வாங்கியதென்றால் விண்டோஸ் இன்ஸ்டாலரை நிறுவாமலேயே பிரிக்கலாம். இன்னோஎக்ஸ்ட்ராக்ட் என்ற சின்னக் கருவி போதும், லினக்ஸ் கணினியிலும் வேலை செய்யும். ஜிஓஜியின் லினக்ஸ் இன்ஸ்டாலர் இன்னும் எளிது. அதன் வால்பகுதியில் இருப்பது ஒரு ஜிப் கோப்புதான், அன்ஜிப் கட்டளையே பிரித்துவிடும்.

இரவுவிளக்கு:

டெவிலூஷன்எக்ஸ் பேச்சு வந்ததால் கேட்கிறேன். குறுந்தகட்டிலிருந்து எடுத்த டயப்லோவின் பெரிய எம்பிக்யூ கோப்பை அதே ஃபோல்டரில் போட்டேன். ஒரு கார்டில் ஓடுகிறது, இன்னொரு கார்டில் கோப்பு இல்லை என்கிறது. ஒரே கோப்பு, ஒரே கருவி, ஒரே சிஸ்டம்.

கருந்திரை:

இரண்டாவது கார்டின் பார்ட்டிஷன் எக்ஸ்ட்4 வகையா?

இரவுவிளக்கு:

ஆமாம், அதை லினக்ஸ் கணினியில் நானே பார்மேட் செய்தேன். எப்படிக் கண்டுபிடித்தீர்கள்?

கருந்திரை:

குறுந்தகட்டில் அந்தக் கோப்பின் பெயர் முழுக்க ஆங்கிலப் பெரிய எழுத்தில் இருக்கும். ஃபேட்32, எக்ஸ்ஃபேட் இரண்டுக்கும் பெரிய எழுத்தும் சிறிய எழுத்தும் ஒன்றுதான். எக்ஸ்ட்4க்கு அவை வேறு வேறு பெயர்கள். சிறிய எழுத்தில் மாற்றிவிடுங்கள், முடிந்தது. விண்டோஸிலிருந்து கோப்பு எடுத்துவரும் எல்லாருக்கும் இது ஒரு நாள் நடக்கும். டியூக் நூகெம் ஜிஆர்பி கோப்பு, ஃபால்அவுட்டின் மாஸ்டர் டாட் டாட், எல்லாவற்றிலும் முதலில் பெயரின் எழுத்தைப் பாருங்கள்.

எக்ஸ்ஃபேட்டிலும் வேறு தொல்லை உண்டு. அதில் சிம்லிங்க் (ஒரு கோப்பை வேறிடத்திலிருந்து சுட்டும் குறுக்குவழி) போட முடியாது. சில விளையாட்டுகள் சேமிப்புக் கோப்பை வேறிடத்தில் எழுத முயலும், அப்போது போர்ட் ஸ்கிரிப்ட் மாற்று வழியில் அந்த ஃபோல்டரைப் பிணைக்கும். அதை ஸ்கிரிப்ட் பார்த்துக்கொள்ளும். ஆனால் நீங்களே பழைய கையேட்டைப் பார்த்து லிங்க் கட்டளை அடித்தால் எக்ஸ்ஃபேட்டில் பிழைதான் வரும். ஃபேட்32 என்றால் ஒரே கோப்பு 4 ஜிபியைத் தாண்டக்கூடாது, அதையும் நினைவில் வையுங்கள்.

மழைத்துளி:

திரும்பி வந்துவிட்டேன். ஹாஃப்-லைஃப் ஓடுகிறது! வால்வ் ஃபோல்டரை வெளியே எடுத்து வைத்ததும், லெகசி கிளையும் சேர்ந்து வேலை முடிந்தது. ரயிலில் போகும் அந்த முதல் காட்சியை இவ்வளவு சின்னத் திரையில் பார்ப்பது விசித்திரமாக இருக்கிறது.

ஸ்டார்டியூவுக்குக் கம்பாட்டிபிலிட்டி கிளையை இறக்கிப் போட்டேன். இப்போது லாக் வேறு மாதிரி. மோனோ ரன்டைம் கோப்பு கிடைக்கவில்லை, இறக்க முயன்று முடியவில்லை என்கிறது. நடுவில் சிஸ்டத்தைப் புதிதாகப் போட்டேன், அதனால் இருக்குமோ? வைஃபை இணைந்துதான் இருக்கிறது, சிக்னலும் நன்றாக இருக்கிறது.

பிக்சல்பித்தன்:

கன்சோலில் இன்றைய தேதி சரியாக இருக்கிறதா?

மழைத்துளி:

2013 என்று காட்டுகிறது. அதற்கும் இதற்கும் என்ன தொடர்பு?

பிக்சல்பித்தன்:

நிறையவே. பாதுகாப்பான இணைப்பில் ஒவ்வொரு தளமும் ஒரு சான்றிதழைக் காட்டும். அது இந்தத் தேதியிலிருந்து இந்தத் தேதி வரை செல்லும் என்று அதில் இருக்கும். உங்கள் கன்சோல் 2013இல் நிற்கிறது, அதன் கணக்கில் அந்தச் சான்றிதழ் இன்னும் பிறக்கவே இல்லை. அதனால் இணைப்பை மறுக்கிறது. மலிவான கருவிகள் பலவற்றில் கடிகாரத்துக்குத் தனி பேட்டரி கிடையாது, முழுக்க அணைந்தால் தேதி போய்விடும். நேர அமைப்பில் போய் நேர மண்டலத்தையும் தேதியையும் சரிசெய்துவிட்டு மறுபடி திறந்து பாருங்கள்.

டெர்மினல்தாத்தா:

வைஃபையே இல்லாத கருவி வைத்திருப்பவர்களுக்காக ஒரு வார்த்தை. மோனோ, கோடோ எஞ்சின் போன்றவை ஒவ்வொரு விளையாட்டோடும் தனித்தனியாக வராது. ஸ்குவாஷ்எஃப்எஸ் என்ற சுருக்கிய வடிவில் ஒரே கோப்பாக இருக்கும். பல போர்ட்டுகள் அதையே பகிர்ந்துகொள்ளும். ஓட்டும்போது ஸ்கிரிப்ட் அதை மவுன்ட் செய்து, முடிந்ததும் கழற்றிவிடும். இணையம் இல்லையென்றால் கணினியில் அந்தக் கோப்பை இறக்கி, போர்ட்மாஸ்டர் ஃபோல்டருக்குள் உள்ள லிப்ஸ் என்ற ஃபோல்டரில் வைக்க வேண்டும். ஆர்க்ஓஎஸ்ஸில் அது ரோம்ஸ், அதற்குள் டூல்ஸ், அதற்குள் போர்ட்மாஸ்டர். வேறு சிஸ்டங்களில் பாதை மாறும். பெயரை மாற்றாதீர்கள், பதிப்பு எண்ணோடு அதே பெயரில் இருந்தால்தான் ஸ்கிரிப்ட் கண்டுபிடிக்கும்.

போர்ட்டையும் அப்படியே நிறுவலாம். ஜிப்பைப் பிரிக்காமல் ஆட்டோஇன்ஸ்டால் என்ற ஃபோல்டரில் போட்டுவிட்டுப் போர்ட்மாஸ்டரைத் திறந்தால் அதுவே இடம் பார்த்து வைத்துவிடும். கையால் பிரித்து வைப்பதைவிட இது நல்லது. மியூஓஎஸ் போன்ற சிஸ்டங்களில் தொடக்க ஸ்கிரிப்ட் ஓரிடத்திலும் விளையாட்டின் ஃபோல்டர் வேறிடத்திலும் இருக்க வேண்டும். கையால் செய்பவர்கள் இரண்டையும் ஒன்றாகப் போட்டுவிட்டு இங்கே வந்து கேட்கிறார்கள்.

பழையமரம்:

நான் வேறு கட்சி. ராஸ்பெர்ரி பை கணினியில் போடும் ரெட்ரோபை சிஸ்டத்தில் இதெல்லாம் கிடையாது. அமைப்பு ஸ்கிரிப்டைத் திறந்தால் விருப்பத் தொகுப்புகள் என்று பட்டியல் இருக்கிறது, அங்கிருந்தே நிறுவலாம். வேண்டுமானால் மூல நிரலிலிருந்தே அந்தக் கருவியில் கம்பைல் செய்துகொள்ளலாம், அதாவது ஓடும் நிரலாக மாற்றிக்கொள்ளலாம். உங்கள் சிஸ்டத்திலேயே உருவான நிரலுக்கு லைப்ரரி ஒத்துவரவில்லை என்ற பேச்சே இல்லை. இன்னொருவர் செய்துவைத்த நிரலைக் கொண்டுவந்து ஒட்டவைப்பதால்தான் இத்தனை பாடு.

டெர்மினல்தாத்தா:

கொள்கையாகப் பார்த்தால் நீங்கள் சொல்வது சரி. எனக்கும் பிடித்த வழி அதுதான். ஆனால் அது மூல நிரல் திறந்திருக்கும் எஞ்சின்களுக்கு மட்டும். ஸ்டார்டியூவை எங்கே போய் கம்பைல் செய்வது? பாக்ஸ்64 மூலம் ஓடுபவற்றை? அவை கணினிச் சிப்புக்காகச் செய்த நிரல்கள், பாக்ஸ்64 அவற்றின் கட்டளைகளை ஓடும்போதே ஆர்முக்கு மாற்றுகிறது. மூல நிரல் நம் கையில் வரப்போவதே இல்லை.

தவிர, ராஸ்பெர்ரி பை வேறு, நான்கு ஏ35 கோர்களும் 1 ஜிபி மெமரியும் உள்ள கருவி வேறு. அதில் பெரிய எஞ்சினைக் கம்பைல் செய்ய உட்கார்ந்தால் மெமரி தீர்ந்து பாதியில் நிற்கும்.

பழையமரம்:

அது உண்மை. ஆனால் திறந்த எஞ்சின்களுக்கு என் வழிதான் நிம்மதி என்பதை விட்டுக்கொடுக்க மாட்டேன். ஜிலிப்சி (லினக்ஸின் அடிப்படை லைப்ரரி) பதிப்பு போதவில்லை என்ற செய்தியை எத்தனை முறை இந்த மாதிரி இழைகளில் பார்த்திருக்கிறேன்!

கருந்திரை:

படோசெரா சிஸ்டம் போட்டிருப்பவர்கள் சண்டையில் சேரவே மாட்டார்கள், கவனித்தீர்களா? அங்கே டெவிலூஷன்எக்ஸ், பிஆர்பூம் (டூம் எஞ்சின்), கேவ் ஸ்டோரி எல்லாவற்றுக்கும் ரோம்ஸ் ஃபோல்டருக்குள் தனித்தனி ஃபோல்டரே உண்டு. எஞ்சின் சிஸ்டத்தோடு சேர்ந்தே வருகிறது. கோப்பைப் போட்டால் முடிந்தது. பட்டியலில் இல்லாத ஒன்றைக் கேட்டால்தான் அவர்களும் நம்மோடு வந்து வரிசையில் நிற்பார்கள்.

மழைத்துளி:

தேதியைச் சரிசெய்ததும் மோனோ இறங்கிவிட்டது. ஸ்டார்டியூ திறந்துவிட்டது! திறக்க நேரம் எடுக்கிறது, ஆனால் உள்ளே போன பிறகு சீராகப் போகிறது.

ஒரே குறை, ஏ பொத்தானும் பி பொத்தானும் இடம் மாறியிருக்கின்றன. சரி என்று அழுத்தினால் பின்னால் போகிறது. ஹாஃப்-லைஃபில் ஆயுதம் மாற்ற பொத்தானும் கிடைக்கவில்லை.

கருந்திரை:

அது நின்டென்டோ அடுக்குக்கும் எக்ஸ்பாக்ஸ் அடுக்குக்கும் உள்ள பழைய பகை. கன்சோலில் அச்சிட்டிருப்பது நின்டென்டோ வரிசை, விளையாட்டு நினைப்பது எக்ஸ்பாக்ஸ் வரிசை. ஸ்டார்டியூ நேரடியாக கேம்பேடைப் படிக்கிறது, அதனால் முதலில் போர்ட்மாஸ்டரின் அமைப்பில் பொத்தான் வரிசை மாற்றும் இடம் இருக்கிறதா என்று பாருங்கள்.

கேம்பேடு தெரியாமல் விசைப்பலகையை மட்டும் எதிர்பார்க்கும் விளையாட்டுகளுக்கு வேறு ஏற்பாடு. போர்ட்டின் ஃபோல்டரில் ஜிபிடிகே என்று முடியும் ஒரு கோப்பு இருக்கும். அதில் ஒவ்வொரு வரியிலும் இடது பக்கம் கன்சோல் பொத்தான், நடுவில் சமக்குறி, வலது பக்கம் விசைப்பலகையின் எழுத்து. பொத்தானை அழுத்தினால் விசைப்பலகை அழுத்தியதுபோல் விளையாட்டுக்குக் காட்டும் சின்ன நிரல் ஒன்று பின்னால் ஓடுகிறது, அது படிப்பது இந்தக் கோப்பைத்தான். அனலாக் குச்சியை மவுஸாக மாற்றுவதும் இதிலேதான். செலக்ட், ஸ்டார்ட் இரண்டையும் சேர்த்து அழுத்தினால் விளையாட்டு மூடுவதும் பெரும்பாலும் அதே நிரலின் வேலை.

ஹாஃப்-லைஃபுக்கு அதன் மெனுவிலேயே கேம்பேடு அமைப்பு இருக்கிறது, அங்கே மாற்றுங்கள்.

எடிட் செய்யும்போது ஒரு எச்சரிக்கை. சில விண்டோஸ் எடிட்டர்கள் ஒவ்வொரு வரிமுடிவிலும் கண்ணுக்குத் தெரியாத ஓர் எழுத்தைக் கூடுதலாகச் சேர்த்துவிடும். தொடக்க ஸ்கிரிப்டை அப்படிச் சேமித்துவிட்டால் அந்த நொடியிலிருந்து அது ஓடாது. நோட்பேட்++ போன்ற ஒன்றில் திறந்து, யூனிக்ஸ் வரிமுடிவு என்று பார்த்துச் சேமியுங்கள்.

இரவுவிளக்கு:

மேக்கில் நகலெடுப்பவர்கள் கார்டைத் திறந்து பார்த்தால் புள்ளியும் அடிக்கோடும் வைத்துத் தொடங்கும் நிழல் கோப்புகள் நிறைய கிடக்கும். அவற்றில் ஒன்றை மெனு விளையாட்டு என்று எடுத்துக்கொண்டு ஒவ்வொன்றையும் இரண்டு முறை காட்டும். அழித்துவிடலாம், பயமில்லை.

மழைத்துளி:

ஜிபிடிகே கோப்பு புரிந்துவிட்டது, அருமையான ஏற்பாடு. ஏ, பி மாறியதும் சரியாகிவிட்டது.

அடுத்து செலஸ்ட் என்ற விளையாட்டைப் போடலாமா என்று பார்க்கிறேன். 1 ஜிபியில் ஓடுமா?

பிக்சல்பித்தன்:

ஓடும். ஆனால் முதல் முறை திறக்கும்போது படங்களை எல்லாம் இந்தச் சிப் நேரடியாகப் படிக்கும் சுருக்கிய வடிவத்துக்கு மாற்றும். அப்படிச் செய்யாவிட்டால் 1 ஜிபிக்குள் அடங்காது. வெகு நேரம் பிடிக்கும், திரை உறைந்துவிட்டதுபோல் இருக்கும். சார்ஜரில் செருகிவிட்டு விட்டுவிடுங்கள். பாதியில் அணைத்தால் மறுபடி முதலிலிருந்து, அதுவும் விளையாட்டுக் கோப்புகளைப் புதிதாக நகலெடுத்த பிறகு.

கார்டில் இடமும் வேண்டும், மாற்றும்போது பழையதும் புதியதும் சேர்ந்து இருக்கும். கன்சோலோடு இலவசமாக வந்த கார்டா? அப்படியென்றால் முதலில் வேறு நல்ல கார்டுக்கு மாறிவிடுங்கள். பெயரில்லாத கார்டுகளில் எழுதியிருக்கும் அளவு உண்மையாக இல்லாமலும் இருக்கும். விண்டோஸில் ஹெச்2டெஸ்ட்டபிள்யூ, லினக்ஸில் எஃப்3 என்று சோதனை நிரல்கள் உண்டு.

மழைத்துளி:

கூடவே வந்த கார்டுதான். மாற்றிவிடுகிறேன். மாற்றும்போது ஸ்டார்டியூ பண்ணை போய்விடுமா? இப்போதுதான் முதல் பூசணி விளைந்திருக்கிறது.

டெர்மினல்தாத்தா:

போகாது. பெரும்பாலான போர்ட்டுகள் சேமிப்பை அதே விளையாட்டின் ஃபோல்டருக்குள், கான்ஃப் அல்லது சேவ்ஸ் போன்ற பெயரில் வைக்கின்றன. அதனால் போர்ட்ஸ் ஃபோல்டர் முழுவதையும் அப்படியே நகலெடுத்தால் பண்ணையும் கூடவே வரும். ஆனால் போர்ட்மாஸ்டரில் விளையாட்டை நீக்குவது என்று கொடுத்தால் ஃபோல்டரோடு சேமிப்பும் போகும். நீக்கிவிட்டு மறுபடி போடலாம் என்று நினைக்கும் நாளில் முதலில் அந்த உள் ஃபோல்டரைக் கணினிக்கு எடுத்து வையுங்கள்.

போர்ட்டைப் புதுப்பிக்கும்போது சேமிப்பு வழக்கமாகத் தங்கும், ஆனால் நீங்கள் திருத்திய ஜிபிடிகே கோப்பு போய்ப் புதியது வந்துவிடும். அதற்கும் ஒரு பிரதி வையுங்கள்.

மழைத்துளி:

இரண்டையும் எடுத்துவைத்துவிட்டேன். புது கார்டு வந்ததும் செலஸ்ட் போட்டுவிட்டு, லாகோடு வருகிறேன்.

பிக்சல்பித்தன்:

லாகோடு வந்தால் போதும்.